டிஸ்சார்ஜ் சீட்டில் எழுதாதவை

(மனநலம் குறித்த பொதுக்கூட்டம் ஒன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



தமிழில் ஒருவரைக் கேலி செய்ய ஊர்ப் பெயர் ஒன்றே போதும். “என்ன, கீழ்ப்பாக்கத்துலேர்ந்து தப்பிச்சு வந்துட்டியா?” என்றால் யாருக்கும் விளக்கம் தேவைப்படாது. நம் சினிமா நகைச்சுவை இந்த ஒரு வரியை வைத்தே பல பத்தாண்டுகள் காலம் தள்ளியிருக்கிறது. உண்மையில் அங்குள்ள மனநல மருத்துவமனையில் சேர்ந்தவர்களில் மிகப் பெரும்பாலோர் சுவரேறிக் குதிப்பதில்லை. டாக்டர் கையெழுத்துப் போட்ட சீட்டை வாங்கி, மருந்து கொடுக்கும் இடத்தில் வரிசையில் நின்று, பஸ் ஏறி வீட்டுக்குத்தான் வருகிறார்கள். அந்த பஸ்ஸை விட்டு இறங்கிய பிறகு என்ன ஆகிறது என்பதைச் சினிமா அதிகம் பேசியதில்லை, நாமும் பேசியதில்லை.

முதலில் அவர் கையில் இருக்கும் பையைப் பார்ப்போம். பெரும்பாலும் அது ஏதாவது ஜவுளிக்கடைப் பை. உள்ளே இரண்டு செட் துணி, ஒரு பல் துலக்கும் பிரஷ், ஆங்கிலத்தில் எழுதிய டிஸ்சார்ஜ் சீட்டு, காகித உறையில் மாத்திரை அட்டைகள். சேரும்போது போட்டுவந்த பேன்ட் இப்போது இடுப்பில் ஏறவே ஏறாது. ஓலன்சபின் போன்ற மருந்துகள் பசியைக் கிளப்பிவிடும். சில வாரங்களிலேயே எடை கூடிவிடும். செல்போன் சார்ஜ் இல்லாமல் கிடக்கும். சார்ஜ் போட்டாலும் பேச முடியாது, ரீசார்ஜ் முடிந்திருக்கும். எதிர்வீட்டுக்காரர் வாசலில் நின்றால் அவருக்குச் சொல்ல ஒரு பதிலை வீட்டார் முன்பே தயாராக வைத்திருப்பார்கள்: “தம்பிக்கு டைபாய்டு, மாமா வீட்ல வச்சுப் பார்த்தோம்.” வந்தவர் அந்தப் பொய்யை வரி பிசகாமல் மனப்பாடம் செய்துகொள்ள வேண்டும். தேறி வந்தவருக்கு வீட்டில் கொடுக்கும் முதல் வேலை பல நேரம் அதுதான்.

டிஸ்சார்ஜ் சீட்டில் நோயின் பெயர் இருக்கும். மருந்து, அளவு, அடுத்து வர வேண்டிய தேதி எல்லாம் இருக்கும். இரண்டு மாதம் கட்டாத தவணையை எப்படிக் கட்டுவது, கடை முதலாளியிடம் என்ன சொல்லித் திரும்பச் சேருவது, மனைவி பிறந்தகத்திலிருந்து வருவாளா மாட்டாளா என்பதெல்லாம் அதில் இருக்காது. நம் நாட்டின் மனநலப் பராமரிப்புச் சட்டம், 2017 இதை யோசிக்காமல் விடவில்லை. ஒருவரை வெளியே அனுப்பும் முன் அவரோடும், அவர் நியமித்த பிரதிநிதியோடும், வீட்டாரோடும் அடுத்து என்ன என்று கலந்து பேசித் திட்டம் போட வேண்டும் என்று அதன் 98ஆம் பிரிவு சொல்கிறது. ஓ.பி.யில் நூறு பேர் காத்திருக்கும் காலை வேளையில் அந்தப் பேச்சு எத்தனை நிமிடம் நடக்கும் என்பதை அவையோர் ஊகித்துக்கொள்ளலாம்.

சென்னையில் மனநல மருத்துவமனையின் கதை 1794இல் தொடங்குகிறது. வாலன்டைன் கொனொலி என்ற கிழக்கிந்தியக் கம்பெனி டாக்டர் புரசைவாக்கத்தில் மனநோயாளிகளுக்காக ஒரு விடுதி நடத்தினார். 1871இல் அது கீழ்ப்பாக்கத்துத் தோட்டத்துக்குப் போனது. ஆட்களை உள்ளே வைத்துக்கொள்வதற்காகக் கட்டிய இடம் அது. அவர்களைத் திருப்பி அனுப்புவது பற்றிய யோசனை வெகுகாலம் கழித்துத்தான் வந்தது. இந்தியாவின் முதல் பெண் மனநல மருத்துவர் என்று அறியப்படும் டாக்டர் சாரதா மேனன் அறுபதுகளின் தொடக்கத்திலிருந்து 1978 வரை அந்த மருத்துவமனைக்குக் கண்காணிப்பாளர். ஓய்வு பெற்றவர் வீட்டில் உட்காரவில்லை. 1984இல் ஸ்கார்ஃப் என்ற அமைப்பைத் தொடங்கினார். ஸ்கிசோஃப்ரினியா என்னும் மனச்சிதைவு நோய் வந்தவர்களின் மறுவாழ்வே அதன் முக்கிய வேலை. 2021 டிசம்பரில் தமது 98ஆம் வயதில் மறைந்தார்.

அந்த அமைப்பைச் சேர்ந்த டாக்டர் ஆர். தாராவும் உடன் பணியாற்றியவர்களும் செய்த ஒரு வேலையை இங்கே சொல்லியாக வேண்டும். 1981 வாக்கில் சென்னையில் முதல்முறையாக மனச்சிதைவு கண்ட 90 பேரை எடுத்துக்கொண்டு, அவர்களை ஓரிரு வருடம் இல்லை, இருபத்தைந்து வருடம் வரை விடாமல் பின்தொடர்ந்தார்கள். வீடு மாறினால் தேடிப் போனார்கள். பத்தாண்டு முடிவில் தொடர்பில் இருந்தவர்களில் பெரும்பாலோர் கடுமையான அறிகுறிகள் இல்லாமல் இருந்தார்கள். வேலைக்குப் போனவர்கள் இருந்தார்கள், கல்யாணம் செய்துகொண்டவர்கள் இருந்தார்கள். “இந்த நோய் வந்தால் அவ்வளவுதான்” என்று திண்ணையில் உட்கார்ந்து சொல்பவர்களுக்கு, நம் ஊரிலேயே, நம் ஆட்களை வைத்தே எழுதிய மறுப்பு இது.

சரி, எல்லோரும் ஒரே மாதிரி மீண்டுவிடுகிறார்களா? இல்லை. சிலர் மூன்றே மாதத்தில் அதே வார்டுக்குத் திரும்புகிறார்கள். ஏன் என்ற கேள்வி 1950களிலேயே லண்டனில் எழுந்தது. ஜார்ஜ் பிரவுன் என்ற சமூகவியலாளர் மனநல மருத்துவமனைகளிலிருந்து வெளியே வந்த ஆண்களின் நிலையை ஆராய்ந்தபோது எதிர்பாராத ஒன்று தெரிந்தது. பெற்றோரிடமோ மனைவியிடமோ திரும்பிப் போனவர்களைவிட, வாடகை அறையிலோ உடன்பிறந்தவர் வீட்டிலோ தங்கியவர்கள் நன்றாக இருந்தார்கள். பாசம் அதிகமான இடத்தில் நோய் ஏன் திரும்ப வேண்டும்? பிரவுனும் அவருக்குப் பின் வந்தவர்களும் அந்த வீடுகளில் நடக்கும் பேச்சைப் பதிவு செய்து, வரிவரியாக எண்ணினார்கள். குறை சொல்லும் பேச்சு, வெறுப்பு, அளவுக்கு மீறிய தாங்கல் ஆகிய மூன்றில் ஏதேனும் ஒன்று மிகுந்த வீடுகளில் நோய் திரும்புவது அதிகம் என்று கண்டார்கள். அப்படிப்பட்ட வீட்டில் வாரத்துக்கு 35 மணி நேரத்துக்கு மேல் முகத்துக்கு முகம் இருந்தால் ஆபத்து இன்னும் கூடியது. ஒரு நாளைக்கு ஐந்து மணி நேரம் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரே ஹாலில் டி.வி.யும் சாப்பாடும் படுக்கையும் நடக்கும் நம் வீடுகளில் ஐந்து மணி நேரம் மதியத்துக்குள் முடிந்துவிடும்.

குறை சொல்வதும் வெறுப்பதும் தவறு என்று எவருக்கும் தெரியும். மூன்றாவதுதான் நம் வீடுகளின் சிக்கல். காலையில் கண் விழித்ததும் அம்மா கேட்பார், “மாத்திரை போட்டியா?” அப்பா கேட்பார். அண்ணி சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்துக் கேட்பார். சற்று உரக்கச் சிரித்தால் மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். கோபப்பட்டால் கேட்கவே வேண்டாம், “திரும்ப ஆரம்பிச்சிருச்சு” என்று ஆஸ்பத்திரிக்குப் போன் போகும். மற்றவர்களுக்குக் கோபம் வந்தால் அது கோபம். இவருக்கு வந்தால் அறிகுறி. தமிழர் வீட்டில் ஒருவரைப் பார்த்ததும் கேட்கும் முதல் கேள்வி “சாப்பிட்டாச்சா?” என்பது. மருத்துவமனைக்குப் போய் வந்தவருக்கு மட்டும் அந்தக் கேள்வி மாறிவிடுகிறது.

இதற்காகக் குடும்பத்தைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது அநியாயம். மூன்று மாதம் தூங்காமல் இருந்த தாய் அவர். அரிவாள்மனையை ஒளித்துவைத்துப் பழகிய கை ஒரே நாளில் அதை வெளியே எடுத்துவிடாது. மேலும் பிரவுனின் கணக்கு அப்படியே நமக்குப் பொருந்துவதும் இல்லை. எண்பதுகளில் சண்டிகரில் அதே முறையில் குடும்பங்களை அளந்தபோது, ஏறக்குறைய நான்கில் ஒரு குடும்பத்தில்தான் அந்தக் கடுமை காணப்பட்டது. லண்டனில் அது ஏறக்குறைய பாதி. நம் குடும்பம் சுமையையும் தாங்குகிறது, ஆளையும் தாங்குகிறது. அதை மருத்துவர்களும் அறிந்தே இருந்தார்கள். ஐம்பதுகளில் அம்ரித்சர் மனநல மருத்துவமனையில் டாக்டர் வித்யா சாகர் நோயாளிகளின் உறவினர்களை வளாகத்திலேயே கூடாரம் போட்டுத் தங்கவைத்தார். வேலூர் சி.எம்.சி. 1957இல் பாகாயத்தில் மனநல மையம் திறந்தபோது, நோயாளியோடு வீட்டார் ஒருவரும் தங்க வேண்டும் என்பதை முறையாகவே வைத்துக்கொண்டது. எப்படிப் பேசுவது, எப்போது விட்டுவிடுவது என்பதை வீட்டார் அங்கேயே கற்றுக்கொண்டு போனார்கள். பூட்டிய வார்டில் விட்டுவிட்டு வாரம் ஒருமுறை பழம் வாங்கிப் போகும் குடும்பத்துக்கு அந்தப் பாடம் கிடைப்பதில்லை.

மாத்திரை பற்றிய கேள்வியே தேவையில்லை என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். மாத்திரை தேவை. கேள்வியைக் கொஞ்சம் நல்ல கேள்வியாக மாற்றலாம் என்பதுதான் செய்தி. ஓர் உதாரணம், பீடி. வார்டில் பல வாரம் பீடி சிகரெட் இல்லாமல் இருந்தவர் வீட்டுக்கு வந்த அன்றே பெட்டிக்கடைக்குப் போகிறார். புகையிலைப் புகை கல்லீரலைத் தூண்டி, குளோசபின், ஓலன்சபின் ஆகிய மருந்துகளை வேகமாகக் கரைத்து வெளியேற்ற வைக்கும். அதே மாத்திரை, அதே அளவு; ரத்தத்தில் மருந்து மட்டும் குறைந்துபோகும். “ஒழுங்கா மாத்திரை போடுறான், ஆனாலும் ஏன் இப்படி?” என்று வீட்டார் திகைப்பார்கள். புகைபிடிக்கத் தொடங்கியதையோ நிறுத்தியதையோ டாக்டரிடம் சொன்னால் அளவை அவர் சரிசெய்துவிடுவார். லித்தியம் சாப்பிடுபவர்களுக்கு வேறு கவலை. சித்திரை வெயிலில் வேலை செய்து, வியர்த்து, தண்ணீர் குடிக்காமல் இருந்தால் ரத்தத்தில் மருந்து அபாய அளவுக்கு ஏறிவிடும். முதுகு வலிக்கு மெடிக்கல் ஷாப்பில் வாங்கிப் போடும் சில வலி மாத்திரைகளும் அதைச் செய்யும். இரவு மாத்திரையின் மயக்கம் காலை ஒன்பது மணி வரை நீளும். அப்போது எழ முடியாதவரைச் சோம்பேறி என்று சொல்வது, காலில் மாவுக்கட்டுப் போட்டவரை ஓடச் சொல்வது போல.

இன்னொன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். மருத்துவமனையிலிருந்து வெளியே வந்த முதல் மூன்று மாதம்தான் உயிருக்கு அதிக ஆபத்தான காலம். நூறு ஆய்வுகளைத் திரட்டி 2017இல் வெளியான அலசல் ஒன்று தற்கொலை விகிதம் அந்த மாதங்களில்தான் உச்சத்தில் இருப்பதைக் காட்டியது. இங்கிலாந்தில் டிஸ்சார்ஜ் ஆன 72 மணி நேரத்துக்குள் அவரைத் தொடர்புகொள்ள வேண்டும் என்று விதியே வைத்திருக்கிறார்கள். நம் ஊரில் அடுத்த ஓ.பி. தேதி பெரும்பாலும் பதினைந்து நாள், ஒரு மாதம் கழித்துத்தான். நடுவே இருக்கும் அந்த நாட்களில் ஒரு நண்பர் வந்து டீ குடிக்கக் கூட்டிப்போவது சாதாரணக் காரியமில்லை. பேச ஆளில்லாத இரவுக்கு டெலிமானஸ் என்ற தொலைபேசி உதவி இருக்கிறது. எண் 14416, கட்டணமில்லை, எந்த நேரமும் தமிழில் பேசலாம்.

இனி வேலை. நாள் முழுவதும் படுத்திருப்பவரிடம் “ரெஸ்ட் எடு” என்று சொல்வதைப் போல ஒரு தவறான கருணை வேறில்லை. வேலாயுதம்பாளையம்புதூரில் ஒரு முத்துசாமி கோயில் உண்டு. மனநலம் குன்றியவர்களை அங்கே கொண்டுவந்து தங்கவைப்பது வழக்கம். பெங்களூரு நிம்ஹான்ஸைச் சேர்ந்த டாக்டர் ரகுராமும் உடன் பணியாற்றியவர்களும் அங்கே வந்த 31 பேரைச் சேரும்போதும் போகும்போதும் அளந்து பார்த்தார்கள். சராசரியாக ஆறு வாரத் தங்கல். நோயின் கடுமையைக் காட்டும் மதிப்பெண் ஏறக்குறைய இருபது சதவீதம் குறைந்திருந்தது. 2002இல் அந்த ஆய்வு லண்டன் மருத்துவ இதழ் ஒன்றில் வெளியானது. அங்கே தனியாகப் பூசையோ சடங்கோ கிடையாது. காலையில் ஓர் எளிய வழிபாடு, பிறகு கோயிலைப் பெருக்குவது, செடிக்குத் தண்ணீர் ஊற்றுவது. அடிப்பதில்லை, கட்டிப்போடுவதில்லை. மருந்துக்குப் பதிலாகக் கோயில் என்று இதைப் படிக்கக் கூடாது. ஒருவர் கையில் துடைப்பத்தைக் கொடுத்து, “இந்தப் பிராகாரம் உன் பொறுப்பு” என்று சொல்வதில் ஏதோ இருக்கிறது என்று படிக்கலாம். கீழ்ப்பாக்கத்திலேயே ரொட்டி சுடுவதும் துணி நெய்வதும் பல பத்தாண்டுகளாகச் சிகிச்சையின் பகுதியாக இருந்து வந்திருக்கின்றன.

கோயிலில் தங்கவைப்பது என்றதும் ஏர்வாடி தர்கா நினைவுக்கு வராமல் போகாது. 2001 ஆகஸ்ட் 6ஆம் தேதி அதிகாலை, அந்த ஊரில் மனநோயாளிகளுக்கான ஒரு தனியார் காப்பகத்தில் பிடித்த தீயில் 28 பேர் இறந்தார்கள். தப்பி ஓட முடியவில்லை, சங்கிலியில் கட்டப்பட்டிருந்தார்கள். உச்ச நீதிமன்றம் தானாகவே முன்வந்து வழக்கெடுத்தது. அவர்களில் எத்தனை பேர் வீட்டில் இடமில்லாததால் மட்டும் அங்கே கிடந்தார்கள் என்பதை எந்தக் கோப்பும் சொல்லப்போவதில்லை.

வேலைக்குத் திரும்புபவரின் முதல் சங்கடம் மருத்துவச் சான்றிதழ். விடுப்புக் கடிதத்தோடு இணைக்கும் தாளின் தலைப்பில் மருத்துவமனைப் பெயர் இருக்கும். அதைப் பார்த்ததும் மேலாளரின் முகம் மாறும். அரசு ஊழியருக்குச் சட்டம் துணை நிற்கிறது. மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016 மனநோயையும் இயலாமைகளின் பட்டியலில் வைத்திருக்கிறது. பணியில் இருக்கும்போது இயலாமை வந்த அரசு ஊழியரை நீக்கவோ பதவி இறக்கவோ கூடாது, அந்த வேலை முடியாவிட்டால் அதே சம்பளத்தில் வேறு வேலை தர வேண்டும் என்று அதன் 20ஆம் பிரிவு சொல்கிறது. மத்திய ரிசர்வ் போலீஸ் படை அதிகாரி ஒருவர் மனநோயின் காரணமாக ஒழுங்கு நடவடிக்கையைச் சந்தித்தபோது, அது பாகுபாடு என்று 2021 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தனியார் கம்பெனியில் இருப்பவருக்கும் பனியன் கம்பெனியில் பீஸ் ரேட்டுக்குத் தைப்பவருக்கும் இந்த 20ஆம் பிரிவு கிடையாது. அவர்கள் நம்ப வேண்டியது முதலாளியின் மனசைத்தான். முதலில் அரை நாள் வேலை, இரவு ஷிப்ட் வேண்டாம், ஓ.பி.க்குப் போக மாதம் ஒரு நாள் விடுப்பு. கேட்டால் இவ்வளவுதான் கேட்பார்கள்.

பெண்களின் கதை இதைவிடக் கடினம். கணவனுக்கு நோய் வந்தால் மனைவி கூடவே இருந்து பார்க்கிறாள். மனைவிக்கு வந்தால் பெட்டியோடு அவள் பிறந்தகத்துக்கு வருகிறாள். நோயால் கணவனைப் பிரிந்த பெண்களைச் சந்தித்துச் சென்னையில் தாராவும் சகாக்களும் 2003இல் வெளியிட்ட ஆய்வில், சட்டப்படி விவாகரத்துகூட இல்லாமல், ஜீவனாம்சமும் இல்லாமல், தாலியைக் கழற்றாமல், என்றாவது கூப்பிடுவார் என்று காத்திருந்த பெண்கள் இருக்கிறார்கள். பிறந்தகத்திலும் அண்ணன் தம்பிகள் காலம் வந்த பிறகு அவர்களுக்கு இடம் சுருங்கும். சிலர் தெருவுக்கு வருகிறார்கள்.

அப்படித் தெருவில் கிடந்த ஒரு பெண்ணைப் பார்த்துவிட்டு எங்கே சேர்ப்பது என்று தெரியாமல் அலைந்த இரண்டு இளம்பெண்கள், வந்தனா கோபிகுமாரும் வைஷ்ணவி ஜெயக்குமாரும், 1993இல் சென்னையில் தொடங்கியதுதான் தி பேன்யன். நூற்றுக்கணக்கானவர்கள் தேறினார்கள், ஊர் நினைவு வந்தது, ரயில் ஏற்றி வீட்டுக்கு அனுப்பினார்கள். அனுப்ப வீடே இல்லாதவர்கள் காப்பகத்திலேயே வருடக்கணக்காகத் தங்கிவிட்டார்கள். அவர்களுக்காக வந்த யோசனை எளிமையானது. சாதாரணத் தெருவில் ஒரு வீட்டை வாடகைக்குப் பிடிப்பது. நான்கைந்து பேரைக் குடிவைப்பது. உதவிக்கு ஒருவரை அருகில் வைப்பது. ஹோம் அகெய்ன் என்று அதற்குப் பெயர். உலக சுகாதார நிறுவனம் 2021இல் வெளியிட்ட சமூக மனநலச் சேவைகள் பற்றிய வழிகாட்டியில் அதை நல்ல முன்மாதிரிகளில் ஒன்றாகச் சேர்த்தது. அந்த வீடுகளில் நடப்பதாகப் பெரிதாக ஒன்றுமில்லை. இன்றைக்குக் கத்திரிக்காயா, வெண்டைக்காயா என்று வாக்குவாதம் நடக்கும். வார்டில் அந்த வாக்குவாதத்துக்கு வழியே கிடையாது. வண்டியில் வருவதைத் தட்டில் வாங்கிக்கொள்ள வேண்டியதுதான். இருபது வருடம் எதையும் தேர்ந்தெடுக்காமல் இருந்தவருக்கு, சந்தையில் நின்று காய் பொறுக்குவதே ஒரு வாரத்துப் பயிற்சி.

கீழ்ப்பாக்கத்திலும் அப்படித் தேர்ந்தெடுக்க ஒரு நாள் வந்தது. 2019 மக்களவைத் தேர்தலில், அங்கே தங்கியிருந்தவர்களில் பட்டியலில் பெயர் சேர்க்கப்பட்டவர்கள் வளாகத்துக்குள்ளேயே வாக்களித்தார்கள். நீதிமன்றம் ஒருவரைச் சித்த சுவாதீனம் இல்லாதவர் என்று அறிவித்தால் ஒழிய, மனநோய் மட்டும் வாக்குரிமையைப் பறிப்பதில்லை. விரலில் மை வைத்துக்கொண்டவர்களுக்கு மறுநாள் போய்ச் சேர ஒரு தெரு இல்லாமல் இருந்தது என்பது வேறு விஷயம்.

2017 சட்டத்தின் 19ஆம் பிரிவு இதைத்தான் பேசுகிறது. குடும்பம் இல்லை, குடும்பம் ஏற்கவில்லை, வீடில்லை, வெளியே தங்க வசதியில்லை என்ற காரணங்களுக்காக மட்டும் எவரையும் மனநல மருத்துவமனையில் வைத்திருக்கக் கூடாது. குணமான பிறகும் உள்ளேயே கிடப்பவர்களை வெளியே கொண்டுவர வேண்டும் என்று உச்ச நீதிமன்றமும் மாநில அரசுகளுக்குத் திரும்பத் திரும்பச் சொல்லிவிட்டது. குணமானவர்கள் இடைக்காலத்தில் தங்கும் பாதி வழி வீடுகள் கட்டச் சொல்கிறது. கட்டட்டும். ஆனால் ஊருக்கு வெளியே, பைபாஸ் சாலை ஓரத்தில், காம்பவுண்டு சுவரோடு அதைக் கட்டினால் அது இன்னொரு வார்டாகத்தான் இருக்கும்.

தெருவுக்குள் வீடு தேடிப் போகும்போது என்ன நடக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். சைவமா என்று கேட்கும் வீட்டுக்காரர்கள், பேச்சிலர் வேண்டாம் என்று சொல்லும் வீட்டுக்காரர்கள், வருபவர் மனநல மருத்துவமனையில் இருந்தவர் என்ற சேதி காதில் விழுந்ததும் “தம்பி அமெரிக்காவிலேர்ந்து வரான், வீடு எங்களுக்கே வேணும்” என்பார்கள். இந்த அவையில் வாசலில் டு லெட் பலகை தொங்கவிட்டிருப்பவர்கள் நாலு பேராவது இருப்பார்கள். அடுத்த முறை அப்படி ஒருவர் கதவைத் தட்டினால், அட்வான்ஸ் எவ்வளவு, தண்ணீர் எப்போது வரும் என்று மற்றவர்களுக்குச் சொல்வதையே அவருக்கும் சொல்லுங்கள்.